சாரங்காவின் சேலையில் ஒரு பிரிஜிய ஊக்கு

"நான் கையெழுத்துப் போடமாட்டன்" என்று சொல்லிக்கொண்டேதான் சாரங்கா கமலாம்பிகையின் வீட்டுக்குள் நுழைந்தாள். வணக்கம், சுகமா, வெளியே மழையா என்ற விசாரிப்புகளெல்லாம் அதற்குப் பிறகுதான் வந்தன. குடையை வாசலில் சாய்த்து வைத்தவள், கையிலிருந்த துணிப்பையை மட்டும் கீழே வைக்கவில்லை.

"இருங்கோ பிள்ளை. முதல்ல தேத்தண்ணியைக் குடியுங்கோ. கையெழுத்தைப் பிறகு போடாமல் விடலாம்" என்றார் கமலாம்பிகை.

கமலாம்பிகைக்கு ஐம்பது தாண்டிவிட்டது. காப்புறுதி நிறுவனங்களுக்காகச் சேதங்களை மதிப்பிடுவது அவர் தொழில். ஸ்டுட்கார்ட்டைச் சுற்றி எந்த வீட்டில் குழாய் வெடித்தாலும், எந்தக் கடையில் தீப்பிடித்தாலும், ஈரம் காய்வதற்குள் அவர் போய் நிற்பார். எது எப்போது உடைந்தது, தானாக உடைந்ததா, யாராவது உடைத்தார்களா என்று பார்த்துச் சொல்வார். பொய் சொல்பவர்கள் மீது அவருக்குக் கோபம் வருவதில்லை. அதை அரைகுறையாகச் சொன்னால்தான் வரும்.

பக்கத்து நாற்காலியில் நரேஷ் உட்கார்ந்திருந்தான். வால்டோர்ஃபில் மென்பொருள் பொறியாளன், ஊர் கோயம்புத்தூர். முன்பொருமுறை அவன் வீட்டுக் குழாய் வெடித்தபோது, நனைந்த சாமான்களோடு தன் பழைய மடிக்கணினியையும் நைசாகச் சேர்த்துவிட்டிருந்தான். அதைக் கவிழ்த்து முகர்ந்து பார்த்த கமலாம்பிகை, "தம்பி, இது தண்ணியில போகேல்லை. கோப்பியில போனது. அதுவும் பால் விட்ட கோப்பி" என்றார். வெட்கப்பட வேண்டிய நரேஷ் அன்றைக்கே அவருக்கு ரசிகனாகிவிட்டான். அதிலிருந்து விடுமுறை கிடைத்தால் ரயிலேறி வந்துவிடுவான். அன்று 2006 நவம்பர் முதல் தேதி, சகல புனிதர் திருநாள். ஊரே கடையடைத்துக் கிடந்தது.

சாரங்கா ஸ்டுட்கார்ட்டில் ஒரு தனியார் அறக்கட்டளையின் சிறிய அருங்காட்சியகத்தில் வேலை பார்ப்பவள். பழம்பொருள்களைப் பழுது பார்த்துப் பேணுவது அவள் படித்த படிப்பு. இப்போது அங்கே நடப்பது, இன்றைய துருக்கியில் ஒரு காலத்தில் ஆண்ட பிரிஜியர்களின் தலைநகரான கோர்டியனில் தோண்டியெடுத்த பொருள்களின் கண்காட்சி. எல்லாம் துருக்கியிலிருந்து இரவலாக வந்தவை.

"மிதாஸ் ராஜாவோட ஊர்தானே? தொட்டதெல்லாம் தங்கமாகும்னு கதை இருக்கே" என்றான் நரேஷ்.

"ஓம், அவன்ர ஊர்தான். ஆனா எங்களுக்கு வந்தது தங்கமில்லை, வெண்கலம். சட்டி, கிண்ணம், உடுப்பில குத்துற பின். அந்தப் பின் ஒண்டாலதான் எனக்கு இந்தக் கரைச்சல்."

அவள் காற்றில் வரைந்து காட்டினாள். வில்லாக வளைந்த முதுகு, அதன்மேல் குமிழ்கள், ஒரு முனையில் சுருள், சுருளிலிருந்து நீளும் ஊசி, மறுமுனையில் அதை மாட்டும் கொளுக்கி.

"இது நம்ம சேஃப்டி பின் ஆச்சே."

"அதேதான். ரெண்டாயிரத்து எழுநூறு வருசத்துக்கு முந்தின சேஃப்டி பின். பள்ளிக்கூடப் பிள்ளையள் தொட்டுப் பாக்கட்டும் எண்டு அச்சொட்டா நாலைஞ்சு நகலும் செய்து வைச்சிருக்கிறம்."

சனிக்கிழமை மாலை திறப்பு விழா. சாரங்கா மயில்கழுத்து நிறப் பட்டுச் சேலை கட்டியிருந்தாள். கண்காட்சிக்குப் பணம் கொடுத்த தொழிலதிபரின் மனைவி, ராய்ட்டர் அம்மையார், தோளிலிருந்து நழுவிக்கொண்டே இருந்த கம்பளிச் சால்வையோடு வந்து, இவ்வளவு நீளத் துணி எப்படி நழுவாமல் நிற்கிறது என்று கேட்டார். சாரங்கா தோளில் குத்தியிருந்த பின்னைக் காட்டினாள். பக்கத்தில் நின்ற டாக்டர் ஃபோக்ட், கண்காட்சிப் பொறுப்பாளர், "பிரிஜியப் பெண்களும் இப்படித்தான்" என்று குஷியாகி, அம்மையாரைக் கண்ணாடிப் பெட்டிகள் இருந்த கூடத்துக்கு அழைத்துப் போனார். மழை பலத்ததால் சாரங்கா சேலையை அங்கேயே மாற்றி, மடித்து, தன் அலுமாரியில் வைத்துவிட்டு வீடு திரும்பினாள்.

"திங்கக்கிழமை மியூசியம் பூட்டு. அண்டைக்குத்தான் நான் பெட்டியளைப் பாக்கிறனான். ஒவ்வொரு பெட்டிக்கும் அடியில இழுத்துத் திறக்கிற ஒரு லாச்சி இருக்கு. அதுக்குள்ள ஈரத்தை உறிஞ்சுற மணியள். காய்ஞ்சிருந்தால் செம்மஞ்சள், ஈரமேறினால் வெளிறிப்போகும். எல்லாப் பெட்டியும் நல்லா இருந்தது. மூண்டாம் பெட்டி மட்டும் வெளிறிப்போய்க் கிடந்தது. மாத்தலாம் எண்டு பாத்தால் புது மணி ஒரு பை குறையுது."

"கண்ணாடிக்குள்ள பாக்கேல்லையோ?"

"விளக்கு அணைச்சிருந்தது அக்கா. விடிய மணி மாத்தேக்க வடிவாப் பாப்பம் எண்டு விட்டிட்டன். டொக்டர் ஃபோக்டுக்கு மட்டும் ஃபோன் பண்ணி, ஆரோ பெட்டியைத் திறந்திருக்கினம் எண்டு சொன்னனான்."

செவ்வாய்க்கிழமை காலை டாக்டர் ஃபோக்ட் தலைதெறிக்க ஓடிவந்தார். மூன்றாம் பெட்டியில் ஒரு ஊக்கைக் காணவில்லை. இயக்குநர் லிண்ட்னர் அம்மையார் ஊழியர்களை நடைபாதையில் நிறுத்தி, அலுமாரிகளைத் திறக்கச் சொன்னார். காவலாளி குன்ஸ் பொதுச்சாவியால் ஒவ்வொன்றாகத் திறந்தார். சாரங்காவின் சேலைப் பையில் ஊக்கு இருந்தது.

"சாறியில குத்தி இருந்ததெண்டு சொல்லுகினம். நான் அப்ப மேல்மாடியில. என்னைக் கூப்பிடேக்க அதை மெல்லிசுத் தாளில சுத்திப் பெட்டிக்குள்ள வைச்சாச்சு. எனக்குக் காட்டவும் இல்லை."

"குத்தியோ? மடிப்புக்குள்ள சும்மா வைச்சிருக்கேல்லையோ?"

"குத்தித்தானாம்."

கண்ணாடிப் பெட்டிக்கு இரண்டு சாவிகள். ஒன்று ஃபோக்டிடம், மற்றது சாரங்காவிடம். சந்தேகம் யார் தலையில் விழும் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. சொந்த விருப்பத்தில் வேலையை விடுவதாக ஒரு ஒப்பந்தம் எழுதி அவள் முன் வைத்துவிட்டார்கள். கையெழுத்திட்டால் போலீஸ் கிடையாது. பொருள்தான் திரும்பிவிட்டதே, துருக்கிக்காரர்களுக்கும் காப்புறுதிக்கும் எதற்குச் சொல்ல வேண்டும் என்பது ஃபோக்டின் யோசனை.

"நாளைக்குக் காலமை டெர்மின், டிரெக்டரைச் சந்திக்கோணும். அம்மா போட்டிட்டு வரச் சொல்லுறா. நாங்கள் அகதியா வந்த சனம், பொலிசு, கோடு கச்சேரி எண்டு நிக்கக் கூடாதாம், தலையைக் குனிஞ்சு கொண்டு போகட்டாம். இருபது வருசமா குனிஞ்சது காணும் அக்கா. நான் களவெடுக்கேல்லை. நான் குனியமாட்டன்."

அவள் குரல் உயரவில்லை.  கேட்டுக்கொண்டிருந்த நரேஷுக்குத்தான் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

கமலாம்பிகை துணிப்பையிலிருந்த சேலையை மேசைமேல் விரிக்கச் சொல்லி, உருப்பெருக்கிக் கண்ணாடியை எடுத்தார். தோளில் வழக்கமாகப் பின் குத்துகிற இடத்தைத் தவிர, பட்டில் வேறு ஒரே ஒரு ஓட்டை. அது இருந்த இடத்தைப் பார்த்ததும் நரேஷ் துள்ளி எழுந்தான். அவனுக்கு இரண்டு அக்காமார். சேலை விஷயத்தில் அவனை ஏமாற்ற முடியாது.

"அக்கா, இது முந்தானையே இல்ல. இடுப்புல செருகுற முனை. சேலை கட்டத் தெரிஞ்சவங்க யாரும் இங்க பின் குத்தமாட்டாங்க. இது பக்கா செட்டப். கேஸ் குளோஸ்!"

"பின்னோட பட்டுச் சாறியை மடிக்கிறதும் இல்லை" என்று சாரங்கா சேர்த்துக்கொண்டாள்.

"சரி தம்பி, நல்ல கண் உங்களுக்கு. ஆனா இது சாறி கட்டத் தெரியாத ஆரோ குத்தினது எண்டுதான் சொல்லுது. ஜெர்மனியில எட்டுக் கோடிச் சனத்துக்குச் சாறி கட்டத் தெரியாது" என்றார் கமலாம்பிகை.

நரேஷ் உட்கார்ந்துவிட்டான். பிறகு பொதுச்சாவி வைத்திருந்த குன்ஸ் மீது கொஞ்ச நேரம் சந்தேகப்பட்டான். குன்ஸிடம் கண்ணாடிப் பெட்டியின் சாவி இல்லை என்று சாரங்கா நினைவூட்டினாள். பொதுச்சாவி காவலறை ஆணியில் தொங்குவது, யாரும் எடுக்கலாம்.

"இந்த ஓட்டையைப் பாருங்கோ தம்பி. என்ன தெரியுது?"

"சின்ன ஓட்டை. ரவுண்டா, நீட்டா இருக்கு."

"நூல் இழுபட்டிருக்கோ? பச்சையா ஏதும் ஒட்டியிருக்கோ?"

"ஒண்ணுமே இல்லீங்க."

"ஓம். அளவுக்கு மிஞ்சி நல்ல ஓட்டை" என்று சொல்லிக் கமலாம்பிகை சேலையை மடித்தார். பிறகு சாரங்காவின் காதருகே குனிந்து ஏதோ கேட்டார். சாரங்கா வாயைத் திறந்தாள், மூடினாள், தொப்பென்று நாற்காலியில் உட்கார்ந்தாள். பிறகு, வந்ததிலிருந்து முதல்முறையாகச் சிரித்தாள். என்னவென்று கேட்ட நரேஷிடம், "நாளைக்கு வாங்கோ, பாக்கலாம்" என்றுதான் பதில் வந்தது. வீட்டிலிருந்து வேலை செய்வதாக மேலாளருக்கு அவன் அப்போதே ஒரு மின்னஞ்சலைத் தட்டிவிட்டான்.

மறுநாள் காலை இயக்குநர் அறையில் ஐந்து பேர். மேசைக்கு அந்தப் பக்கம் லிண்ட்னர் அம்மையாரும் டாக்டர் ஃபோக்டும். இந்தப் பக்கம் சாரங்கா, கமலாம்பிகை, நரேஷ். நடுவில் ஒப்பந்தத் தாளும், அதன்மேல் ஒரு பேனாவும். பேச்செல்லாம் ஜெர்மன் மொழியில். நரேஷ் பேசத் தடுமாறுவான் என்றாலும் கேட்டால் புரியும்.

தன்னுடன் ஒருவரை அழைத்துவர சாரங்காவுக்கு உரிமை உண்டு என்று லிண்ட்னர் ஒத்துக்கொண்டார். இரண்டாவது ஆள் எதற்கு என்று கேட்டார். "என் உதவியாளர்" என்றார் கமலாம்பிகை. நரேஷ் நிமிர்ந்து உட்கார்ந்துகொண்டான்.

"அலுமாரியைத் திறந்தபோது நடந்ததைச் சொல்ல முடியுமா?"

லிண்ட்னர் நேர்மையான மனுஷி என்பது முகத்திலேயே தெரிந்தது. பார்த்ததை அப்படியே சொன்னார். "பையிலிருந்து சேலையை டாக்டர் ஃபோக்ட்தான் வெளியே எடுத்தார். மடிப்பை விலக்கியதும் ஊக்கு தெரிந்தது. அவர் ஊசியைக் கொளுக்கியிலிருந்து விடுவித்து, துணியிலிருந்து கழற்றிப் பெட்டியில் வைத்தார். அதே ஊக்குதான் என்று உறுதி செய்து, அன்றைக்கே மூன்றாம் பெட்டியில் திரும்ப வைத்தார்."

"உறுதி செய்தது அவர் மட்டுமா?"

"அதற்குத் தகுதியான இன்னொருவர் சாரங்காதான். அவரிடம் எப்படிக் கேட்பது?"

"சரிதான். அந்த ஊக்கைப் பார்க்க வேண்டும்."

ஃபோக்ட் மறுத்தார். காற்று ஈரம், வெப்பநிலை, இரவல் நிபந்தனை என்று அடுக்கினார். ஒரு மனுஷியின் பிழைப்பையே பறிக்கிற விஷயம், கொண்டுவாருங்கள் என்று லிண்ட்னர் சொல்லிவிட்டார். ஊக்கு ஒரு சிறு பெட்டியில், வெள்ளைத் தாள்மேல் வந்து சேர்ந்தது. பச்சை படர்ந்த, உள்ளங்கையில் அடங்கும் பொருள். அத்தனை நூற்றாண்டு என்று நினைத்ததும் நரேஷுக்கு உடம்பு சிலிர்த்தது.

"பிள்ளை, எடுங்கோ" என்றார் கமலாம்பிகை, தமிழில்.

சாரங்கா கையுறை போடவில்லை. ஊக்கை வெறுங்கையால் எடுத்தாள். கட்டைவிரலால் ஊசியை அழுத்தினாள். கிளிக் என்று திறந்தது. மறுபடி அழுத்தி மூடினாள்.

"என்ன செய்கிறீர்கள்? உடைந்துவிடும்!" லிண்ட்னர் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தார். நரேஷ் கண்ணை இறுக மூடிக்கொண்டான்.

கிளிக். சாரங்கா மறுபடி திறந்து, அதைத் தன் மேலங்கியின் கழுத்துப்பட்டியில் சாவகாசமாகக் குத்தி, மூடினாள். பிறகு ஃபோக்டை நேராகப் பார்த்தாள்.

"ஊக்கு பத்திரமாகத்தான் இருக்கிறது அம்மா, உட்காருங்கள்" என்றார் கமலாம்பிகை. "நீங்கள் பதறினீர்கள். என் உதவியாளர் கண்ணை மூடினார். இந்தப் பொருளுக்காக முதலில் பதற வேண்டியவர் ஒருவர் இருக்கிறார். அவர் அசையவே இல்லை."

டாக்டர் ஃபோக்ட் மேசையின் விளிம்பைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நேற்று சாரங்காவிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டேன். அவ்வளவு பழைய ஊக்கின் ஊசி திறந்து மூடுமா என்று. திறக்காது. மண்ணுக்குள் கிடந்த வெண்கலம் உள்ளே நொறுங்கிப்போயிருக்கும். சுருளை அசைத்தால் முறிந்துவிடும். அதைப் பேணுகிறவள் எதற்காக அதைத் திறந்து துணியில் குத்தப்போகிறாள்? அவள் குத்தவில்லை. வேறு யார் குத்தியிருந்தாலும் பழைய ஊக்கு அங்கேயே முறிந்திருக்கும். முறியவில்லை. சேலையில் இருக்கும் ஓட்டையும் அதைத்தான் சொல்கிறது. பழைய ஊசி சொரசொரப்பானது, பட்டில் ஏறினால் நூலை இழுக்கும், பச்சைத் தூளை விடும். இது புத்தம்புது ஊசியின் ஓட்டை. அப்படியானால் சேலையில் இருந்தது, பிள்ளைகள் தொட்டுப் பார்க்கச் செய்த நகல்."

"ஆனால் டாக்டர் ஃபோக்ட் அதை அசல் என்று..." லிண்ட்னர் பாதியில் நிறுத்திக்கொண்டார்.

"ஆமாம். தன் கையால் அதைத் திறந்து கழற்றிய பிறகும் அசல் என்று சொன்னார். குழந்தைக்கே தெரியும் வித்தியாசம் அவருக்குத் தெரியாமலா போகும்? இனி, அசல் எங்கே? மூன்றாம் பெட்டியின் மணிகள் வெளிறியிருந்தன. அது நொடியில் திறந்து மூடிய பெட்டி இல்லை. நனைந்த மேலங்கிகளோடு அத்தனை பேர் கூடியிருந்த சனிக்கிழமை மாலையில், வெகுநேரம் திறந்து கிடந்த பெட்டி. திருடன் கதவைத் திறந்து போட்டுக்கொண்டு நிற்கமாட்டான். பிடித்தாலும் கேள்வி கேட்க முடியாத ஒருவர்தான் அப்படி நிற்பார். அன்றைக்கு ஒரு அம்மையாரின் சால்வை நழுவிக்கொண்டே இருந்தது. சாரங்காவின் தோளில் இருந்த பின்னை அவர் வியந்து பார்த்தார். பிரிஜியப் பெண்களும் இப்படித்தான் என்று ஒருவர் சொன்னார். சொன்னதோடு நின்றிருக்கலாம்."

 நரேஷுக்கு எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக விளங்கியது. அந்தச் சால்வை விஷயத்தைத் நாமும் கேட்டுக்கொண்டுதானே இருந்தோம் என்று அவனுக்குத் தன்மேலேயே எரிச்சல் வந்தது.

"அசல் ஊக்கை எடுத்து அந்தச் சால்வையில் குத்திக் காட்டினார், முறிந்துவிட்டது. அந்த இடத்தில் நகலை வைத்தார். திங்கட்கிழமை சாரங்கா தொலைபேசியில், பெட்டியை யாரோ திறந்திருக்கிறார்கள் என்றாள். அதைக் கேட்டது அவர் ஒருவர்தான். மறுநாள் அவள் கண்ணாடிக்குள் பார்ப்பாள், பார்த்தால் கண்டுபிடிப்பாள். அதனால் நகல் அலுமாரிக்குப் போனது. போலீஸும் இல்லை, காப்புறுதியும் இல்லை. கண்காட்சி முடிந்து துருக்கிக்காரர்கள் வந்து இது போலி என்று சொல்லும்போது, ஊக்கோடு பிடிபட்டு வேலையை விட்டுப் போன ஒருத்தி தயாராக இருப்பாள். அசலை அவள் விற்றுவிட்டாள் என்று கதை முடிந்துவிடும்."

"இதெல்லாம் ஊகம்" என்றார் ஃபோக்ட். குரல் எழும்பவில்லை.

"முறிந்த ஊக்கை நீங்கள் குப்பையில் போட்டிருந்தால் ஊகம்தான். ஆனால் நீங்கள் போடவில்லை. ஈரம் உறிஞ்சும் மணி ஒரு பை குறைகிறது. திருடனுக்கு அது எதற்கு? முறிந்ததைக்கூட ஈரம் படாமல் வைக்கிற மனம் உள்ளவர்தான் எடுத்திருப்பார். ராய்ட்டர் அம்மையாரிடமும் கேட்கலாம். அதற்கு முன் நீங்களே கொண்டுவருவது நல்லது."

ஃபோக்ட் நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினார். பிறகு எழுந்து போய், தன் அறையிலிருந்து மூடியிட்ட ஒரு கண்ணாடிப் பெட்டியோடு வந்தார். செம்மஞ்சள் மணிகளின்மேல் பஞ்சு, பஞ்சின்மேல் வில்லாக வளைந்த முதுகு, அதற்குப் பக்கத்தில் தனியாக ஊசி. முறிந்த இடத்தைச் சாரங்கா குனிந்து பார்த்தாள். அவள் கண் கலங்கியது அப்போதுதான்.

"சும்மா தொட்டதுபோலத்தான் இருந்தது" என்றார் ஃபோக்ட். "வெளியே தெரிந்தால் இருபத்தைந்து வருட வேலை முடிந்துவிடும் என்று பயந்தேன்."

"என்னுடையது முடிந்தால் பரவாயில்லையா?" என்று கேட்டாள் சாரங்கா. 

அவரை வெளியே அனுப்பிவிட்டு, லிண்ட்னர் ஒப்பந்தத்தை எடுத்து நான்காகக் கிழித்தார். மன்னிப்புக் கேட்டார். மனதாரத்தான் கேட்டார். ஆனால் கேட்டு முடித்ததும் தொண்டையைச் செருமிக்கொண்டார். பணம் கொடுத்தவர்களின் பெயர் அடிபடும், அருங்காட்சியகம் சிறியது, டாக்டர் ஃபோக்ட் உடல்நலக் காரணத்தால் விலகியதாக அறிவித்துவிடலாம், மற்றதெல்லாம் இந்த அறைக்குள்ளேயே இருக்கட்டும் என்றார்.

"அலுமாரியை அறைக்குள்ளா திறந்தீர்கள்?" என்றாள் சாரங்கா. "நடைபாதையில், எல்லாரையும் நிற்கவைத்துத் திறந்தீர்கள். அதே நடைபாதையில், அதே ஆட்களை நிற்கவைத்து, நான் திருடவில்லை என்று நீங்கள் சொல்ல வேண்டும். துருக்கிக்காரர்களுக்கு நடந்ததை நடந்தபடி இன்றைக்கே எழுத வேண்டும். இந்த ஊக்கையும் ஒளித்துவைக்கக் கூடாது."

"சம்மதிக்காவிட்டால்?"

"அப்போது போலீசுக்கு நான் போகிறேன். எனக்கு அவர்களைப் பார்த்துப் பயமில்லை."

லிண்ட்னர் அம்மையார் அவளை நிமிர்ந்து பார்த்தார். பிறகு, குன்ஸைக் கூப்பிட்டு எல்லாரையும் நடைபாதைக்கு வரச் சொல்வதற்காகத் தொலைபேசியை எடுத்தார்.

டிசம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நரேஷ் டிக்கெட் வாங்கிக்கொண்டு அந்தக் கண்காட்சியைப் பார்க்கப் போனான், கமலாம்பிகையும் கூட. சாரங்கா வாசலிலேயே நின்றாள். வேலை நாளில் அங்கே யாரும் சேலை கட்டுவதில்லை. அவள் கட்டியிருந்தாள், அதே மயில்கழுத்துப் பட்டு. தோளில் சாதாரணக் கடைப் பின் ஒன்று பளபளத்தது.

"அம்மா என்ன சொல்லுறா?" என்று கேட்டார் கமலாம்பிகை.

"ஒண்டும் சொல்லேல்லை. காலமை இந்தச் சாறியை அவதான் அயர்ன் பண்ணித் தந்தவ."

மூன்றாம் பெட்டியின் முன் நல்ல கூட்டம். துருக்கியிலிருந்து வந்த அதிகாரி முதலில் கத்தித் தீர்த்தாராம். பிறகு, முறிந்த ஊக்கு முறிந்தபடியே கண்காட்சியில் இருக்கட்டும் என்று சம்மதித்தாராம், சாரங்கா எழுதிய வாசகத்தைப் படித்துப் பார்த்துவிட்டு. நரேஷ் கூட்டத்தை விலக்கி எட்டிப் பார்த்தான். ஊசி ஒரு பக்கம், வில் ஒரு பக்கம். கீழே சிறிய அட்டையில் ஜெர்மனிலும் துருக்கியிலும் எழுதியிருந்தது. அவன் அதைத் தமிழில் மெதுவாகச் சொல்லிப் பார்த்தான்:

"உடையில் குத்தும் ஊக்கு. வெண்கலம். கோர்டியன், கிறிஸ்துவுக்கு முன் எட்டாம் நூற்றாண்டு. உடைந்தது: ஸ்டுட்கார்ட், 2006."